முந்நூறு ஏக்கர்க் குடியரசு

ஒஷாவா துறைமுகத்தில் நின்று தெற்கே பார்த்தால் தண்ணீரைத் தவிர வேறொன்றும் தெரிவதில்லை. அக்கரை அமெரிக்காவின் நியூயோர்க் மாநிலம். ஒன்ராறியோ ஏரி பெயரளவில்தான் ஏரி, கண்ணுக்கு அது கடல். மன்னாரிலிருந்தும் வல்வெட்டித்துறையிலிருந்தும் இரவோடிரவாகப் படகேறிய அனுபவம் உள்ள எம்மவருக்கு இந்தக் கரையில் நிற்கும்போது வேறெதுவோ நினைவுக்கு வரக்கூடும். ஆனால் இதே கரையிலிருந்தும் ஒரு காலத்தில் மனிதர்கள் அக்கரைக்குத் தப்பியோடினார்கள் என்பது எம்மில் பலருக்குத் தெரியாது. கனடா அகதிகளை ஏற்கும் நாடு என்றே நாம் அறிந்திருக்கிறோம். அது அகதிகளை உண்டாக்கிய நாடாகவும் இருந்தது.

1837 மார்கழி. அப்போது ஒஷாவாவுக்கு அந்தப் பெயரே இல்லை. ஸ்கேயின் சந்தி என்று அழைக்கப்பட்ட அந்தச் சிற்றூர் ஒஷாவா ஆனது 1842 இல். அங்கு கப்பல்கள் வைத்திருந்தவர் டானியல் கொனன்ற். ரொறொன்ரோவில் தோற்றுப்போன கிளர்ச்சிக்காரர்களை அவர் தமது கப்பலில் ஏற்றி அமெரிக்கக் கரையில் சேர்த்ததாக, அவருடைய மகன் தோமஸ் கொனன்ற் 1898 இல் வெளியிட்ட நூலில் எழுதுகிறார். பிடிபட்டிருந்தால் டானியல் கொனன்றுக்குச் சிறை நிச்சயம். அதே குடும்பத்தின் வழிவந்த கோர்டன் டானியல் கொனன்ற் பிற்காலத்தில் ஒஷாவாவின் மேயராகவும், ஒன்ராறியோவின் சட்டமா அதிபராகவும், 1942 இல் மாகாண முதல்வராகவும் ஆனார். சட்டத்துக்குப் பயந்து ஓடியவர்களைக் காப்பாற்றிய குடும்பத்தில் சட்டத்தின் காவலரே பிறந்தார்.

ஓடியவர்கள் யாருக்காக எழுந்தவர்கள்? அவர்களை எழுப்பிய மனிதர் அப்போது எங்கே இருந்தார்? அவர் நயாகரா ஆற்றின் நடுவே ஒரு சின்னத் தீவில் இருந்தார். அந்தத் தீவில் அவர் ஒரு நாட்டைப் பிரகடனம் செய்திருந்தார். நாட்டின் பெயர் கனடாக் குடியரசு. பிரகடனம் செய்தவரின் பெயர் வில்லியம் லயன் மக்கென்சி.

*

மக்கென்சி ஸ்கொத்லாந்தின் டண்டீ நகரில் 1795 இல் பிறந்தவர். 1820 இல் மேல் கனடாவுக்கு வந்தார். 1824 இல் 'கொலோனியல் அட்வகேற்' என்ற பத்திரிகையைத் தொடங்கினார். அன்றைய மேல் கனடா ஒரு சிறு கூட்டத்தின் கையில் இருந்தது. ஆளுநரைச் சுற்றியிருந்த சில குடும்பங்கள் பதவிகளையும் நிலத்தையும் வங்கியையும் தமக்குள் பங்கிட்டுக்கொண்டன. நிலத்தில் ஏழில் ஒரு பங்கு திருச்சபைக்கென ஒதுக்கப்பட்டு, பெரும்பாலும் காடாகக் கிடந்தது. மக்கள் தெரிவுசெய்த சட்டசபை ஒன்று இருந்தது. அது சொன்னதைக் கேட்கவேண்டிய கட்டாயம் ஆளுநருக்கு இருக்கவில்லை. இந்தக் கூட்டத்தைக் 'குடும்ப உடன்படிக்கை' என்று மக்கள் ஏளனமாக அழைத்தனர்.

மக்கென்சி இவர்களைப் பெயர் சொல்லித் தாக்கினார். 1826 ஆனி மாதம் அந்தக் குடும்பங்களைச் சேர்ந்த இளைஞர்கள் பட்டப்பகலில் அவருடைய அச்சுக்கூடத்துக்குள் புகுந்து, ஈய எழுத்துகளை வாரிக்கொண்டுபோய் ஏரியில் எறிந்தார்கள். அச்சுக்கூடங்கள் உடைக்கப்படுவதும் எரிக்கப்படுவதும் எமக்குப் புதிய செய்தியல்ல. ஆனால் இங்கே ஒரு வித்தியாசம் இருந்தது. வழக்கு வைத்தபோது நீதிமன்றம் 625 பவுண் நட்டஈடு வழங்கியது. அந்தப் பணம் அவருடைய பத்திரிகையைக் காப்பாற்றியது.

1828 இல் அவர் சட்டசபைக்குத் தெரிவானார். சட்டசபை அவரைப் பலமுறை வெளியேற்றியது. ஒவ்வொரு முறையும் யோர்க் தொகுதி விவசாயிகள் அவரையே திருப்பி அனுப்பினார்கள். 1834 இல் யோர்க் நகரம் ரொறொன்ரோ என்று பெயர் மாறியபோது, அதன் முதலாவது மேயர் அவர்தான். அதாவது, அவர் வெறும் கலகக்காரர் அல்லர். பேச்சு, எழுத்து, தேர்தல், மனு ஆகிய எல்லா வழிகளையும் நடந்து பார்த்தவர். லண்டனுக்கே போய் முறையிட்டவர். 1836 தேர்தலில் ஆளுநர் சேர் பிரான்சிஸ் பொண்ட் ஹெட் தாமே ஒரு கட்சிக்காரரைப்போல இறங்கி வேலைசெய்ய, மக்கென்சியும் அவரது அணியினரும் தோற்றார்கள். அந்தத் தோல்விக்குப் பின்னர்தான் அவர் ஆயுதத்தைப் பற்றிப் பேசினார்.

மனுக்களும் ஒப்பந்தங்களும் கிழிக்கப்பட்ட பிறகு ஒரு தலைமுறை எப்படி வேறு முடிவுக்கு வருகிறது என்பதை நாம் விளக்கத் தேவையில்லை. மக்கென்சியின் குறைகள் உண்மையானவை. இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். ஏனெனில், நாம் இனிச் சொல்லப்போவது அவர் செய்த தவறுகளைப் பற்றி.

*

1837 கார்த்திகையில் கீழ் கனடாவில் கிளர்ச்சி வெடித்தது. பொண்ட் ஹெட் தம்மிடமிருந்த படைகளை அங்கே அனுப்பிவிட்டார். ரொறொன்ரோ காவலில்லாமல் கிடந்தது. மார்கழி 7 இல் எழுவதென்று திட்டம். இடம், யங் வீதியில் இன்றைய எக்ளின்ரன் சந்திக்குச் சற்று வடக்கே இருந்த மொன்ற்கோமரியின் தவறணை. நகரத்துக்குள் இருந்த சக தலைவர் ஒருவர் பதற்றத்தில் நாளை 4 ஆம் திகதிக்கு முற்படுத்திச் செய்தி அனுப்பினார். ஹொலண்ட் லாண்டிங்கிலிருந்து கொல்லர் சாமுவேல் லவுண்ட் தமது ஆட்களுடன் சேற்றில் நடந்து வந்து சேர்ந்தபோது, தவறணையில் சாப்பாடுகூட ஆயத்தமாக இருக்கவில்லை. அன்றிரவே அரச தரப்பில் கேணல் றொபேட் மூடியும், கிளர்ச்சித் தரப்பில் அந்தோனி அன்டர்சனும் சுடப்பட்டு இறந்தார்கள்.

5 ஆம் திகதி மாலை அவர்கள் யங் வீதியால் இறங்கினார்கள். பலரிடம் துவக்கே இல்லை. ஈட்டியும் தடியும்தான். ஷெரிவ் ஜார்விஸின் சிறு காவலணி ஒன்று இருளில் சுட்டது. முன்வரிசையில் நின்றவர்கள் திருப்பிச் சுட்டுவிட்டு, பின்னால் நிற்பவர்கள் சுடுவதற்காகத் தரையில் விழுந்து படுத்தார்கள். பின்னால் நின்றவர்கள், முன்வரிசை முழுவதும் செத்துவிட்டதென்று எண்ணி ஓடினார்கள். ஜார்விஸின் ஆட்களும் மறுபக்கமாக ஓடினார்கள்.

பிக்கறிங்கிலிருந்து விவசாயி பீற்றர் மத்தியூஸ் ஏறக்குறைய 60 பேரைக் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். 1812 யுத்தத்தில் பிரித்தானியாவின் பக்கம் நின்று போரிட்டவர் அவர். 7 ஆம் திகதி, அரச படையின் கவனத்தைத் திருப்புவதற்காக அவரைக் கிழக்கே டொன் ஆற்றுப் பாலத்துக்கு அனுப்பினார்கள். அவர் போனார். பாலத்துக்கு நெருப்பு வைத்தார். அதே நாள் மதியம் ஏறக்குறைய 1000 பேர் கொண்ட அரச படை பீரங்கியுடன் யங் வீதியால் வந்தது. அரை மணித்தியாலத்துக்குள் எல்லாம் முடிந்தது. தவறணை எரிந்தது.

மக்கென்சி தப்பினார். அவருடைய பை தப்பவில்லை. அவருடைய பத்திரங்களோடு ஆதரவாளர்களின் பெயர்ப் பட்டியலும் அதற்குள் இருந்தது. அது அரசின் கையில் சிக்கியது. பெயர்ப் பட்டியல் ஒன்று கைமாறுவது என்றால் என்னவென்று எம்மவருக்குத் தெரியும். மேல் கனடாவில் 800 க்கும் மேற்பட்டோர் கைதானார்கள்.

தலைக்கு 1000 பவுண் விலை குறிக்கப்பட்டிருந்த மக்கென்சியை விவசாயக் குடும்பங்கள் வீடு வீடாக ஒளித்து வைத்துக் கைமாற்றி, 11 ஆம் திகதி நயாகரா ஆற்றைக் கடக்கச் செய்தார்கள். அவரைக் காட்டிக்கொடுக்க எவரும் முன்வரவில்லை. மத்தியூஸ் ஒரு பண்ணை வீட்டில் ஒளிந்திருந்தபோது பிடிபட்டார். லவுண்டும் அமெரிக்காவுக்குத் தப்பும் வழியில் பிடிபட்டார்.

*

பஃபலோ நகரத்தில் மக்கென்சிக்குப் பெரும் வரவேற்பு. கூட்டங்கள், கைதட்டல், நிதி சேகரிப்பு. அமெரிக்க இளைஞர்கள் தொண்டர்களாகச் சேர்ந்தார்கள். இரண்டு நாட்களுக்குள், 1837 மார்கழி 13 ஆம் திகதியிடப்பட்ட பிரகடனத்துடன், அவர்கள் நேவித் தீவைப் பிடித்தார்கள். ஆற்றின் நடுவே, நீர்வீழ்ச்சிக்கு மேலே கிடக்கும் அந்தத் தீவு கனடாவின் எல்லைக்குள் இருந்தது. ஆகவே அங்கே கொடியேற்றினால் கனடிய மண்ணில் ஏற்றியதாகும். தற்காலிக அரசாங்கம் ஒன்று அமைந்தது. மக்கென்சி அதன் தலைவர். வான் றென்சலேர் என்ற அமெரிக்க இளைஞர் படைத் தளபதி. தொண்டராகச் சேரும் ஒவ்வொருவருக்கும் விடுதலை பெற்ற கனடாவில் 300 ஏக்கர் நிலமும், பின்னர் 100 டொலர் வெள்ளியும் வாக்களிக்கப்பட்டன. ஆளுநரைப் பிடித்துத் தருபவருக்கு 500 பவுண் சன்மானம்.

நேவித் தீவு முழுவதுமே ஏறக்குறைய 300 ஏக்கர்தான்.

இதைச் சொல்லிச் சிரிப்பது எளிது. ஆனால் மார்கழிக் குளிரில் அந்தத் தீவில் கிடந்தவர்கள் சிரித்திருக்க மாட்டார்கள். எதிர்க்கரையான சிப்பவாவிலிருந்து பீரங்கிக் குண்டுகள் வந்தன. மக்கென்சியின் மனைவி இசபெல் சில நாட்கள் அங்கே தங்கி, பீரங்கி மருந்து அடைக்கும் துணிப்பைகளைத் தைத்துக் கொடுத்தார். குடியரசின் படையில் பெரும்பாலானோர் அமெரிக்கர். யாருக்காக அது பிரகடனம் செய்யப்பட்டதோ அந்த மேல் கனடா விவசாயிகள் சிறையில் இருந்தார்கள், அல்லது எம் ஒஷாவாக் கரை போன்ற இடங்களில் கப்பலுக்குக் காத்திருந்தார்கள்.

மார்கழி 29 இரவு, தீவுக்குச் சாமான் ஏற்றிவந்த 'கரோலைன்' என்ற அமெரிக்க நீராவிக் கப்பலை, அது அமெரிக்கக் கரையில் கட்டப்பட்டிருந்தபோதே, பிரித்தானியத் தரப்பினர் படகுகளில் சென்று தாக்கி, தீ வைத்து, ஆற்றோட்டத்தில் விட்டார்கள். அமோஸ் டுர்பி என்ற அமெரிக்கர் கொல்லப்பட்டார். இரு வல்லரசுகளுக்கிடையே யுத்தம் மூளும் நிலை வந்தது. பின்னர் அமெரிக்க இராஜாங்கச் செயலாளர் டானியல் வெப்ஸ்ரர் 1841 இல் எழுதிய கடிதத்தில் ஒரு விதியை வகுத்தார். வேறு வழியும், ஆலோசிக்க அவகாசமும் இல்லாத உடனடித் தேவை இருந்தால் மட்டுமே ஒரு நாடு தற்காப்பென்று சொல்லி இன்னொரு நாட்டின் எல்லைக்குள் தாக்கலாம், அதுவும் தேவைக்கு மிஞ்சாமல் என்பது அதன் சாரம். சர்வதேசச் சட்டம் படிப்போர் இன்றும் அந்த விதியைப் படிக்கிறார்கள். 1946 இல் நூரம்பேர்க் நீதிமன்றமும் அதை எடுத்தாண்டது. மக்கென்சியின் குடியரசு உலகத்துக்கு விட்டுச்சென்றது இந்த ஒன்றைத்தான். அதையும் எழுதியவர்கள் வேறு நாட்டார்.

பஃபலோவின் அனுதாபம் வாஷிங்டனின் கொள்கையாக இருக்கவில்லை. 1838 தை 5 இல் ஜனாதிபதி வான் பியூரன் நடுநிலைப் பிரகடனம் வெளியிட்டார். ஜெனரல் ஸ்கொட்டை எல்லைக்கு அனுப்பினார். தை நடுப்பகுதியில் தீவு காலியானது. குடியரசின் ஆயுள் ஒரு மாதம். அயல்நாட்டின் தெருவில் கிடைக்கும் கைதட்டலை அயல்நாட்டின் முடிவாக எண்ணி ஏமாந்தவர்கள் நாம் மட்டுமல்ல.

*

1838 சித்திரை 12. லவுண்டும் மத்தியூஸும் ரொறொன்ரோ சிறைச்சாலையில் தூக்கிலிடப்பட்டார்கள். இருவரும் குற்றத்தை ஒப்புக்கொண்டிருந்தார்கள். கருணை கோரி ஆயிரக்கணக்கானோர் கையெழுத்திட்டார்கள். லவுண்டின் மனைவி எலிசபெத் புதிய ஆளுநர் சேர் ஜோர்ஜ் ஆதரின் முன் நேரில் நின்று மன்றாடினார். ஆதர் இரங்கவில்லை. அதற்கு முன் அவர் ஆண்டது வான் டீமன்ஸ் லாந்தை, அதாவது இன்றைய தஸ்மானியா என்ற கைதிகளின் தீவை. அவ்வாண்டில் எல்லை தாண்டி நடந்த அடுத்தடுத்த தாக்குதல்களுக்குப் பிறகு, மேல் கனடாவிலிருந்து 90 க்கும் மேற்பட்டோர் அந்தத் தீவுக்கே நாடுகடத்தப்பட்டார்கள். அந்தத் தாக்குதல்களை நடத்தியவர் மக்கென்சி அல்லர். ஆனால் அவற்றின் முன்மாதிரி நேவித் தீவுதான்.

மக்கென்சிக்குக் கிடைத்தது வேறு தண்டனை. நடுநிலைச் சட்டத்தை மீறியதற்காக 1839 இல் அமெரிக்க நீதிமன்றம் அவருக்கு 18 மாதச் சிறையும் 10 டொலர் அபராதமும் விதித்தது. றொச்செஸ்ரர் சிறையில் அவர் இருந்தபோது அவருடைய வயோதிபத் தாய் அதே நகரத்தில் மரணப் படுக்கையில் கிடந்தார். தாயைப் பார்க்க அவரை விட மறுத்தார்கள். நண்பர்கள் தாய் இருந்த வீட்டிலேயே ஒரு விசாரணையை ஒழுங்குசெய்து, அவரைச் சாட்சியாக அழைப்பித்து, கடைசியாகப் பார்க்க வைத்தார்கள். தாயின் பிரேத ஊர்வலத்தை அவர் சிறைச் சன்னலால்தான் பார்த்தார். இந்த இடத்தில் நாம் அவரை எடைபோடுவதை நிறுத்திக்கொள்கிறோம். தாய் தகப்பனின் செத்தவீட்டைத் தொலைபேசியில் கேட்டவர்கள் எம்மில் எத்தனை பேர்.

1840 வைகாசியில் விடுதலை. பின் நியூயோர்க்கில் சுங்கத் திணைக்களத்தில் எழுதுவினைஞர் வேலை, பத்திரிகை வேலை, கடன், வறுமை. தான் கனவு கண்ட குடியரசின் மாதிரியான அமெரிக்காவை அவர் கிட்ட நின்று பார்த்தார். பதவிப் பேரங்களையும் பணத்தின் ஆட்சியையும் அடிமைமுறையையும் பார்த்தார்.

1849 இல் அவர் பிரித்தானிய அமைச்சர் கிரே பிரபுவுக்கு ஒரு கடிதம் எழுதினார். தமது கிளர்ச்சி வென்றிருந்தால், தாம் யாருக்குச் சேவை செய்வதாக அப்போது நம்பினாரோ அந்தக் கனடிய மக்களுக்கே அது பெருந்தீங்காக முடிந்திருக்கும் என்று அதில் ஒப்புக்கொண்டார். அந்தக் கடிதத்தை ஒளித்து வைக்கவில்லை. அது அச்சில் வந்தது.

அவ்வாண்டே பொதுமன்னிப்பு. அவர் ரொறொன்ரோவுக்கு வந்தபோது எதிரிகள் அவரது கொடும்பாவியை எரித்து, அவர் தங்கியிருந்த வீட்டைத் தாக்கினார்கள். 1850 இல் குடும்பத்துடன் திரும்பினார். 1851 இல் மீண்டும் சட்டசபைக்குத் தெரிவானார். 1858 வரை அங்கே ஊழலையும் கடனையும் சலுகையையும் பற்றிப் பழையபடியே கத்திக்கொண்டிருந்தார். வழியைத் தவறு என்றார். குறையை ஒருபோதும் பொய் என்று சொல்லவில்லை. 1861 ஆவணியில் இறந்தார். அகதி வாழ்வில் நியூயோர்க்கில் பிறந்த அவருடைய கடைசி மகளின் மகன்தான் பிற்காலத்துப் பிரதமர் மக்கென்சி கிங்.

*

இதே ரொறொன்ரோவில் 1967 இல் ரத்னெலி வீதிக்காரர்கள் தமது வீதியைத் தனிக் குடியரசு என்று அறிவித்தார்கள். கனடாவின் நூற்றாண்டு விழா நேரம். ஒரு இராணியைத் தெரிவுசெய்தார்கள், கடவுச்சீட்டு அச்சிட்டார்கள். அந்தக் குடியரசின் பெயர் பின்னர் வீதிப் பலகையிலும் ஏறியது. நோவா ஸ்கோஷியாவுக்கு அப்பால் 1949 இல் ஒரு அமெரிக்கப் பணக்காரர், மீன்பிடிக்கவென வாங்கிய பாறைத் தீவொன்றை அவுட்டர் பால்டோனியா என்ற தனிநாடாக அறிவித்தார். 1973 இல் அதை ஒரு டொலருக்குப் பறவைகள் சங்கத்திடம் கொடுத்துவிட்டார். எவரும் தூக்கிலிடப்படவில்லை. நாட்டுப் பிரகடனம் ஒரு விளையாட்டாக இருக்கக்கூடிய இடமும் உலகத்தில் உண்டு. ஏற்கனவே ஒரு நாடு உறுதியாகக் காலடியில் உள்ளவர்களுக்கு அது விளையாட்டு.

எமக்கு அது விளையாட்டாக இருந்ததில்லை. 1990 மார்ச் 1 இல் திருகோணமலையில் வடகிழக்கு மாகாண முதலமைச்சர் வரதராஜப்பெருமாள் ஈழப் பிரகடனத் தீர்மானத்தைக் கொண்டுவந்தார். இந்தியப் படையின் கடைசிப் பிரிவு வெளியேறிய அதே மாதத்தில் அவரும் இந்தியா போய்ச் சேர்ந்தார். தமிழ்த் தேசிய இராணுவம் என்ற பெயரில் வீதியிலும் வீட்டிலும் பிடித்துச் சேர்க்கப்பட்ட பையன்கள் போக இடமின்றி நின்றார்கள். அவர்களில் பலர் கொல்லப்பட்டார்கள். கொன்றவர்களும் தமிழர். அவர்களின் பெயர்ப் பட்டியல் எந்தப் பிரகடனத்தோடும் இணைக்கப்படவில்லை. அதற்குப் பின் வந்த 19 வருடங்களையும், 2009 வைகாசியையும் நாம் இங்கே எழுதவேண்டியதில்லை. 2010 இல் புலம்பெயர்ந்த நாடுகளில் வாக்குப்பெட்டி வைத்து நாடுகடந்த அரசாங்கம் ஒன்றும் தெரிவானது. அது தேவையா இல்லையா என்று வாதிடுவதற்கும் இந்தக் கட்டுரை இடமல்ல.

நாம் கேட்க விரும்புவது ஒன்றுதான். மக்கென்சி எழுதிய அந்த 1849 கடிதத்தைப்போல ஒன்றை எம்மில் யார் எழுதினார்கள்? எழுதியவர்களை நாம் என்ன செய்தோம்? தவறு நடந்தது என்று சொன்ன வாய்க்கு நாம் வைத்த பெயர் துரோகி. எமது குறைகள் உண்மையானவை என்பதற்காக, எமது தவறுகளும் தவறுகள் அல்ல என்று ஆக்கிக்கொண்டோம். மக்கென்சி இரண்டையும் பிரித்துப் பார்த்தார். அதற்கு அவருக்குப் பன்னிரண்டு வருட அகதி வாழ்வு தேவைப்பட்டது. எமக்கு அதைவிடக் கூடுதலான காலம் கழிந்துவிட்டது.

அவருடைய கடிதத்திலும் ஒரு குறை உண்டு. அது கிரே பிரபுவுக்கு எழுதப்பட்டது. எலிசபெத் லவுண்டுக்கு அல்ல. மத்தியூஸின் வீட்டுக்கு அல்ல.

ரொறொன்ரோவில் நெக்ரோபொலிஸ் என்ற பழைய சவக்காலை டொன் பள்ளத்தாக்கின் ஓரத்தில் இருக்கிறது. மக்கென்சியின் கல்லறை அங்கேதான். லவுண்டையும் மத்தியூஸையும் முதலில் அநாதைப் பிணங்களைப் புதைக்கும் நிலத்தில் புதைத்து, 1859 இல் அங்கிருந்து தோண்டி எடுத்து இங்கே கொண்டுவந்தார்கள். 1893 இல் அவர்களுக்கு ஒரு தூண் எழுப்பினார்கள். பாதியில் அறுந்த வாழ்வைக் காட்ட, தூணின் தலை உடைந்ததாகவே செதுக்கப்பட்டிருக்கிறது. பிக்கறிங்கிலும் ஏஜக்ஸிலும் ஒஷாவாவிலும் இப்போது எம்மவர் வீடு வாங்கிக் குடியேறுகிறார்கள். நகரத்துக்கு வரும் ஒரு நாளில் அந்தப் பக்கம் போய்ப் பார்க்கலாம். பிக்கறிங்கிலிருந்து புறப்பட்ட விவசாயி நெருப்பு வைத்த பாலம் நின்ற டொன் ஆறு, அந்தத் தூணுக்குக் கீழேதான் ஓடுகிறது.